கயிற்றுக்கு வெளியே ஓடிய படகு

நீதிமன்றத்தில் எதிர்த்தரப்பு எவ்வளவு சீண்டினாலும் குரலை உயர்த்தாத வக்கீல் ஆம்ப்ரோஸ் கெல்சல் அன்று காலை ஆற்றங்கரையில் கத்தினார். இங்கிலாந்தின் வூஸ்டர் நகரில் நடக்கும் படகுப் போட்டிக்காக அவரும் டாக்டர் ஜோசையா பெம்பரும் வசந்தம் முழுக்க செவர்ன் ஆற்றில் சேர்ந்து துடுப்புப் போட்டிருந்தார்கள். படகில் ஏறப்போகும் நேரத்தில் படகுக் கழகத் தலைவர் கர்னல் ஸ்ட்ரட்விக் வந்து, பெம்பர் கலந்துகொள்ள முடியாது என்று சொல்லிவிட்டார். மருத்துவம் படிக்கப் போவதற்கு முன் பெம்பர் தன் அப்பாவின் கொல்லுப்பட்டறையில் சம்மட்டி அடித்தவராம். கைத்தொழில் செய்து பிழைத்தவன் கனவான்களின் போட்டியில் இறங்கக் கூடாதென்பது விதி.

அந்த விதியை வரிவரியாகப் பிரித்து வாதாடினார் கெல்சல். அப்பனுக்கு மகன் ஒத்தாசை செய்ததைப் பிழைப்பு என்று எந்தச் சட்டம் சொல்கிறது என்று கேட்டார். கர்னல் மீசையைத் தடவிக்கொண்டார்.

"உங்களுக்கு வேற ஆள் தர்றோம், கெல்சல். நம்ம ஆளு. இதுக்குப் போய் ஏன் சூடாகறீங்க? என் காலுக்குக் கட்டுப் போட்டது உங்க டாக்டர்தான். கைராசிக்காரர், நான் இல்லேங்கல. அதுக்காக அவரோட உக்காந்து சாப்பிட முடியுமா?"

பெம்பர் பக்கத்திலேயே நின்றிருந்தார்.

கெல்சலுக்குத் தலைக்கேறியது. பெம்பரின் தோளைப் பிடித்துத் தள்ளாத குறையாகப் படகில் ஏற்றினார். துப்பாக்கி வெடித்ததும், போட்டித் தடத்துக்குக் கட்டியிருந்த கயிற்றுக்கு வெளியே, மற்றவர்களுக்கு இணையாகப் படகை விட்டார். இருந்த ஆத்திரத்தை எல்லாம் துடுப்பில் இறக்கினார். பாலத்தைத் தாண்டும்போது மற்றப் படகுகள் வெகுதூரம் பின்னால் கிடந்தன. கரையில் நின்ற பரிசல்காரர்களும் கையுறைத் தொழிற்சாலைப் பெண்களும் தொண்டை கிழியக் கத்தினார்கள். கனவான்களின் கூடாரத்துக்குள் கைதட்டுவதற்காக ஒருவரும் தேநீர்க் கோப்பையைக் கீழே வைக்கவில்லை.

கெல்சல் சிரித்தபடி திரும்பினார். பின்னால் இருந்த பெம்பரின் முகம் கறுத்திருந்தது.

"இப்ப திருப்தியா உனக்கு?"

"ஜெயிச்சிட்டோமேய்யா."

"நீ ஜெயிச்சே. நான் கொல்லன் மகன்னு இந்த ஊர்ல பாதிப் பேருக்குத் தெரியாம இருந்துச்சு. இனிமே தெரியாதவன் ஒருத்தன் இல்ல. ஏறுறியான்னு என்னை ஒரு வார்த்தை கேட்டியா? அந்தாளும் கேக்கல, நீயும் கேக்கல."

பெம்பர் துடுப்பை எடுத்துப் படகைக் கரைப் பக்கம் திருப்பினார்.

கழகம் இருவரையும் நீக்கியது. கர்னல் தன் எஸ்டேட் வழக்குகளை வேறு வக்கீலிடம் மாற்றினார்; கெல்சல் அதற்காக வருந்தவில்லை. ஆனால் பெரிய வீட்டு வண்டிகள் பெம்பரின் வாசலில் நிற்பது குறைந்துபோனது. அதற்குக் காரணம் தான்தான் என்று கெல்சலுக்குத் தெரிந்திருந்தது.

இலையுதிர் காலத்தில் பரிசல்காரர்கள் சிலர், யாரையும் தள்ளிவைக்காத ஒரு கழகம் தொடங்க வேண்டும், விதிகளை எழுதித் தாருங்கள் என்று கெல்சலிடம் வந்தார்கள். அவர் அப்போதே சரி என்று சொல்லவில்லை. மழையில் நடந்து பெம்பரின் வீட்டுக்குப் போய், இப்படி ஒரு யோசனை இருக்கிறது, உனக்குச் சம்மதமா என்று வாசலிலேயே நின்று கேட்டார்.

"யோசிக்கணும்," என்று பெம்பர் கதவைச் சாத்தினார்.

முடியாது என்று கத்தியிருந்தால்கூடத் தேவலையாக இருந்திருக்கும். கெல்சல் குடையை விரிக்காமலே, பல்லைக் கடித்துக்கொண்டு ஆற்றங்கரை வழியாக வீட்டுக்கு நடந்தார்.