முரண்டு என்னும் சம்மட்டி

வெல்மார் கோட்டையில் ஒஸ்ராவோடு யாரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. தெருவில் அவள் வந்தால் எதிர்ப்பக்கம் ஒதுங்கிப் போனார்கள். அவர்களைச் சொல்லியும் குற்றமில்லை. ஊருக்கு இருந்த ஒரே ஆயுதத்தை எதிரிக்கு இரவல் கொடுத்தவள் அவள்.

அந்தச் சம்மட்டிக்கு முரண்டு என்று பேர். முழுசாக இருப்பதை அடித்தால் அது சுக்குநூறாக்கும். உடைந்து கிடப்பதை அடித்தாலோ, துண்டுகள் எந்த மூலையில் கிடந்தாலும் ஓடிவந்து தத்தம் இடத்தில் ஒட்டிக்கொள்ளும். போர் இல்லாத நாளில் அதற்குப் பானை ஒட்டுவதுதான் பிழைப்பு. ஒரு பிடி உப்போடு வந்து கேட்பவன் எவனானாலும், ஏன் எதற்கு என்று கேட்காமல் கொடுத்தனுப்ப வேண்டும் என்பது வெல்மார் வழக்கம். வண்டி அச்சு முறிந்துவிட்டது என்று ஒருவன் உப்போடு வந்தான். சம்மட்டியின் காவல்காரி ஒஸ்ராவும் கொடுத்தனுப்பினாள். அவன் எதிரித் தளபதி ஜார்கோவின் ஆள். உலகத்தில் வேறெந்த ஊரும் இவ்வளவு மரியாதையாக ஏமாந்திருக்காது.

இப்போது ஜார்கோ நாலாயிரம் பேரோடு ஆற்றங்கரையில் கூடாரம் போட்டிருந்தான். மூன்றாம் நாள் காலை வந்து கோட்டைக் கதவை ஒரே அடியில் உடைப்பதாகச் சொல்லியனுப்பியிருந்தான்.

"கதவுக்கு இன்னும் ஆறு இரும்புப் பட்டை அடிங்கடா!" என்று ஊர்த்தலைவர் பெல்தன் கத்தினார்.

"அறுபது அடிச்சாலும் அதுக்கு ஒரே அடிதான் மாமா," என்றாள் ஒஸ்ரா.

"நீ வாயத் திறக்காத தாயே. ஒரு பிடி உப்புக்கு ஊரையே வித்தவ நீ."

ஒஸ்ராவுக்குக் கண் கலங்கிவிட்டது. ஆனாலும் விடவில்லை. "வித்தவதான். அதான் சோறு இறங்காம யோசிச்சுக்கிட்டே கிடந்தேன். கதவை நாமளே உடைச்சிடுவோம்."

"கேட்டீங்களா! இவளுக்குக் கிறுக்கும் புடிச்சிருச்சு!"

கதவு செய்யும் லெம்காதான் முதலில் சிரித்தாள். "அடிப்பாவி! உடைஞ்ச கதவை அடிச்சா ஒட்டிக்குமேடி!"

"ஒட்டிக்கிட்டா? ரெண்டாவது அடி அடிச்சு உடைப்பானே, அதுக்கு என்ன பண்ணுவ?" பெல்தன் விடுவதாக இல்லை.

"ரெண்டாவது அடிக்குக் கையில சம்மட்டி இருந்தாத்தானே மாமா?"

இரண்டு பகலும் ரம்பம் ஓயவில்லை. அந்த ஒற்றைக் கதவைப் பதினான்கு துண்டாக அறுத்து, ஆப்பும் பிசினும் வைத்துப் பேருக்கு நிறுத்தினார்கள். நடுவில் சூரியச் சின்னம் இருந்த இடத்தில் மட்டும் ஒரு கட்டையை அறுத்தெடுத்துச் சம்மட்டித் தலை புகுமளவுக்குப் பொந்து விட்டாள் லெம்கா. அடிக்க வருகிறவன் அடிப்பதற்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. பொந்தின்மேல் துணி கட்டி, அதிலேயே சூரியனை வரைந்து, கதவு முழுக்கப் புதுச் சாயம் பூசினார்கள். தூரத்திலிருந்து பார்த்தால் உலகத்திலேயே கெட்டியான கதவு. பக்கத்தில் ஓர் ஆடு வந்து முதுகைச் சொறிந்தால் சரிந்துவிடும்.

மூன்றாம் நாள் விடிந்ததும் காற்று கிளம்பிவிட்டது. கதவு முனகியது. ஒஸ்ரா உள்ளிருந்து ஓடிப்போய்த் தோள் கொடுத்தாள். இது சரிந்தால் தன்னால் செத்தவர்கள் எத்தனை பேர் என்று எண்ணக்கூட ஆள் இருக்காது என்று நினைத்து இன்னும் அழுத்தி முட்டுக்கொடுத்தாள். பக்கத்தில் இன்னொரு தோள் வந்து முட்டியது. பெல்தன்தான்.

"தள்ளி நில்லு. நீ ஒருத்தியா தாங்குவ?" என்றார்.

வெளியே ஜார்கோவின் குரல் கேட்டது. "என்னய்யா, புதுச் சாயமெல்லாம் பூசி மாப்பிள்ளைய வரவேற்கிறீங்களா?"

படை சிரித்தது. இருவரும் பக்கவாட்டில் பாய்ந்து ஒதுங்கினார்கள். அடி விழுந்தது.

துணி கிழிந்து சம்மட்டித் தலை பொந்துக்குள் புகுந்து விளிம்பில் இடித்ததுதான் தாமதம், பதினான்கு துண்டும் படபடவென்று ஒன்றோடொன்று ஒட்டின. உள்ளே சுவரோரம் கிடந்த கட்டை எகிறிப் போய்ப் பொந்தை அடைத்தது. இடமில்லாத இடத்தில் மரம் சம்மட்டியைக் கழுத்தோடு கவ்விக்கொண்டது. அறுத்த தழும்புகூட இல்லாமல் கதவு கல்லுப்போல நின்றது.

ஜார்கோ இழுத்தான். கதவில் காலை ஊன்றி இழுத்தான். முகம் கத்தரிக்காய் நிறமானது.

"தளபதி, மாமியார் வீட்டுல புடிச்சு வச்சுக்கிட்டாங்க போலிருக்கே!" என்று பின்னாலிருந்து ஒருவன் கத்தினான். இந்தத் தடவை படை சிரித்தது ஜார்கோவைப் பார்த்து.

ஒஸ்ரா கதவிடுக்கில் கண் வைத்துப் பார்த்தாள். பிடியை அவன் விடவில்லை. விடவே மாட்டான் என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. "மாமா, கதவைத் திறங்க!"

"என்னது!"

"தொறங்க மாமா!"

பெல்தன் வாதாடவில்லை. தாழ் விலகியது, இருபது பேர் கதவை உள்பக்கம் இழுத்தார்கள். பிடியைக் கெட்டியாகப் பிடித்திருந்த ஜார்கோ, கதவோடு சேர்ந்து தரதரவென்று ஊருக்குள் வந்தான். இன்னொரு இழுப்பில் அவனைப் பிடுங்கி எடுத்துவிட்டுக் கதவை அவன் படையின் முகத்திலேயே சாத்தினார்கள். மதிலில் இருந்தவர்கள் அம்பு விட ஆரம்பித்தார்கள். தலைவனும் இல்லை, சம்மட்டியும் கதவை விட்டு வராது. நாலாயிரம் பேரும் ஆற்றைப் பார்க்க ஓடினார்கள்.

ஊரே கத்தியது. லெம்கா தலையிலிருந்த மரத்தூளோடு ஆடினாள். ஒஸ்ராவுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. தரையில் உட்கார்ந்திருந்த ஜார்கோவின் எதிரில் போய் நின்றாள்.

"இரவல் வாங்குனவங்க எத்தனையோ பேர். இப்படித் தானாவே திருப்பித் தூக்கிட்டு வந்து, கதவுல மாட்டியும் குடுத்தவன் நீ ஒருத்தன்தான்யா," என்றாள்.