வாக்குமூல நாற்காலி

பொம்மை அலறியபோது ஆட்டக்காரர்கள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பைத்தான் தேவதர்ஷினியால் பொறுக்க முடியவில்லை.

ஆக்லாந்து நகர மையத்தில், பல்கலைக்கழகத்திலிருந்து இறங்கி வரும் சரிவில், ஒரு கட்டடத்தின் அடித்தளத்தில் சரத் புதிதாக எஸ்கேப் ரூம் திறந்திருந்தான். பூட்டிய அறைக்குள் ஆட்களை விட்டு, புதிர்களை அவிழ்த்து வெளியே வரவைக்கும் விளையாட்டு. 'டெம்ப்ளர் ரகசியம்' என்று பெயர். அவனிடம் வேலை பார்த்துக்கொண்டு, அதற்குக் கதை எழுதிக் கொடுத்தவள் தேவதர்ஷினி. பல்கலைக்கழகத்தில் அவளுடைய ஆராய்ச்சியே டெம்ப்ளர்களைப் பற்றித்தான். சிலுவைப் போர்க் காலத்தில் ஜெருசலேம் போகும் யாத்ரீகர்களைக் காக்க வாளெடுத்த கிறிஸ்தவத் துறவிகள் அவர்கள். அவர்களுடைய சொத்தின் மேல் கண் வைத்த பிரெஞ்சு அரசன், கூண்டோடு பிடித்து அடைத்து, சிலுவையில் துப்பினோம், சிலையைக் கும்பிட்டோம் என்று சித்திரவதை செய்து சொல்லவைத்தான்.

அவள் எழுதியதில் ஆட்டக்காரர்கள் ஒரு துறவியைச் சிறையிலிருந்து தப்புவிக்க வேண்டும். திறப்பு நாளன்று கேமரா அறையில் உட்கார்ந்து பார்த்தால் வேறு ஆட்டம் ஓடுகிறது. நாற்காலியில் கட்டிய துறவி பொம்மை. பாதத்துக்கடியில் சிவப்பு விளக்கு. நெம்புகோலை இழுத்தால் விளக்கு எரியும், பொம்மை அலறும், அலறிக்கொண்டே பூட்டைத் திறக்கும் எண்ணைச் சொல்லும். ஏதோ ஆபீஸ் கூட்டம் மாற்றி மாற்றி இழுத்துக்கொண்டிருந்தது.

"என்ன சரத் இது? நான் இப்படியா எழுதினேன்?"

"உன் கதை ரொம்ப சோகம் தேவா. ட்ரயல் ஆடினவங்க எல்லாரும் கொட்டாவி விட்டாங்க. இதப் பாரு, எப்படி என்ஜாய் பண்றாங்க!"

"நெஜமாவே கால்ல தீ வெச்சிருக்காங்க. பெர்னார்னு ஒரு பாதிரியார், குதிகால் எலும்பே கழண்டு விழுந்திருச்சு. அதை விசாரணைல எடுத்துக் காட்டியிருக்கார்."

"அவங்க செத்து எழுநூறு வருஷம் ஆச்சு. இப்ப யாரு வந்து கேஸ் போடப் போறா?"

வாசலில் சோதிலிங்கம் கருவிப் பையோடு நின்றிருந்தார். நாற்காலியைச் செய்த தச்சர், யாழ்ப்பாணத்துக்காரர். நெம்புகோல் இறுகுகிறது என்று சரத்தான் ஹில்ஸ்பரோ பகுதியிலிருந்து அவரைக் கூப்பிட்டிருந்தான்.

"இது ராசாவின்ர கதிரை எண்டெல்லோ சொன்னனீங்கள்?" என்றார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல்.

"கொஞ்சம் மாத்திட்டோம்ணா. நீங்க போல்ட்டை மட்டும் லூஸ் பண்ணிக் குடுங்க."

சோதிலிங்கம் பையைத் திறக்கவில்லை. தேவதர்ஷினி பக்கம் திரும்பினார். "ஊரிலை ஆமிக்காரங்கள் என்னட்டையும் இப்பிடித்தான் பிள்ளை கையெழுத்து வாங்கினவங்கள். என்ன எழுதிக் கிடந்ததெண்டு வாசிக்கவும் விடேல்லை. அவங்களும் சிரிச்சவங்கள்தான்."

சரத் திரையின் பக்கம் திரும்பிக்கொண்டான். ஆட்டத்தை நிறுத்தவில்லை. தேவதர்ஷினிக்கு அதுதான் பற்றிக்கொண்டு வந்தது. எழுந்து போய் எல்லா விளக்கையும் போட்டாள். கதவைத் திறந்துகொண்டு உள்ளே நுழைந்தாள். அந்தப் பாதிரியாரின் கதையை ஆங்கிலத்தில் சொன்னாள். நெம்புகோலைப் பிடித்திருந்த பெண் கையை எடுத்துவிட்டாள். "விளையாட்டுத்தானே?" என்று ஒருவன் முணுமுணுத்தான்.

"யாருக்கு?" என்றாள் தேவதர்ஷினி.

அதற்குள் சோதிலிங்கமும் உள்ளே வந்து, மண்டியிட்டு நாற்காலியின் ஆணிகளைக் கழற்றத் தொடங்கியிருந்தார்.

"அண்ணா, அது என் பொருள்!" என்று ஓடிவந்தான் சரத்.

"ஓம். பலகை உங்கட. வடிவா அடுக்கி வைச்சிட்டுப் போறன். கதிரையாச் செய்தது நான்."

பொம்மையைத் தூக்கிச் சுவரோரம் சாய்த்து வைத்தார். சரத் கத்தினான், கெஞ்சினான். அவர் கடைசி ஆணி வரைக்கும் கழற்றிவிட்டுத்தான் எழுந்தார்.

தேவதர்ஷினியின் வேலை அன்றோடு போயிற்று. அடுத்த வாரமே சரத் எங்கிருந்தோ பிளாஸ்டிக் நாற்காலி வரவழைத்து அறையைத் திறந்துவிட்டான். வாசலில் வரிசை நின்றது. அதைத் தேவதர்ஷினி சோதிலிங்கத்துக்குப் போன் செய்து சொன்னபோது, "தெரியும் பிள்ளை. அவங்கள் விடமாட்டாங்கள்" என்றார்.

தானும் விடப்போவதில்லை என்று முடிவெடுத்தாள். சனிக்கிழமைகளில் அந்த வரிசையின் பக்கத்தில் போய் நின்று, உள்ளே எதைப் பார்த்துச் சிரிக்கப் போகிறார்கள் என்று ஒவ்வொருவரிடமும் சொன்னாள். சிலர் திரும்பிப் போனார்கள். பலர் காதில் வாங்காமல் உள்ளே போனார்கள். சரத் வெளியே வந்து, போலீஸைக் கூப்பிடுவேன் என்றான்.

"கூப்பிடுங்க. அவங்களுக்கும் சொல்றேன்," என்றாள் தேவதர்ஷினி. நடைபாதை ஒன்றும் அவன் வாடகைக்கு எடுத்ததல்ல.