இருநூறுக்கு ஆறு கிலோ குறைவு

1.
இந்தக் கதை காலேஜ் அசைன்மென்டாகத் தொடங்கியது. 'ஒரு சிறிய நாட்டின் கொண்டைக்கடலை விளைச்சல்: ஐந்தாண்டுப் போக்கு.' நான் எடுத்துக்கொண்டது நாங்கள் குடியிருக்கும் வளைகுடா நாட்டை. பெயர் சொல்லமாட்டேன், கார்மேகம் மாமாவின் விசா இங்கேதான் இருக்கிறது. நாடு முழுக்கக் கடலை போடுவது ஒரே தோட்டம், அதில் ஒரே ஆள், அவர்தான். அவருக்கு இடுப்புப் பிடித்தால் தேசிய உற்பத்தி பாதிக்கப்படும்.

விளைச்சல்: 410 கிலோ, 350, 290, 230. இந்த வருஷம் இன்னும் எடை போடவில்லை.

2.
முதல் தொடக்கம்: 'பாலையின் வெப்பம் உயர உயர, மண்ணின் ஈரம்…' (விட்டுவிட்டேன். சொட்டுநீர்க் குழாயில் ஒரு அடைப்பு என்றாலும் மாமாவுக்குச் சோறு இறங்காது. ஈரத்தில் குறையில்லை.)

இரண்டாம் தொடக்கம்: 'பூச்சித் தாக்குதலே…' (இது உண்மை. பூச்சிகளின் பெயர்கள்: டிரைவர் ஆரிப், தொழிலாளர் கேம்ப் வாசலில் கடை வைத்திருக்கும் சாதிக் பாட்ஷா, மற்றும் நான்.)

3.
அடிக்குறிப்பு, இடம் தவறி: கடலை இலையில் புளிப்பு கசியும். பச்சைக் காயைப் பறித்தவன் விரல் பிசுபிசுத்துக் காட்டிக்கொடுத்துவிடும். பிப்ரவரி வெள்ளிக்கிழமைகளில் மாமாவை 'நலம் விசாரிக்க' வருவோம். முதல் வருஷம் நாலு பேர். இப்போது பதினேழு.

"வெரலக் காட்டு மாப்ள."

"சும்மா வரப்புல நடந்தேன் மாமா."

"நடந்ததுக்கு வாய் ஏன் பச்சையா இருக்கு? தின்னு. காஞ்ச பெறகு எவனுக்கு ருசிக்கும்?"

அவரே இன்னொரு கைப்பிடி பறித்துக் கொடுப்பார். ஆய்வு முடிவு: சரிவுக்குக் காரணம் உற்பத்தியாளரின் குணம்.

4.
(இவ்வளவு நல்லவரா என்று எனக்கே சந்தேகம். சரி, ஒரு குறை: சீட்டாட்டத்தில் ஏமாற்றுவார்.)

இந்த வருஷம் தோட்ட முதலாளி, அர்பாப், சொல்லிவிட்டார்: இருநூறு கிலோவுக்குக் கீழே போனால் கலாஸ், கடலை முடிந்தது, அங்கே ஆட்டுக்குப் புல். மாமாவும் ஆட்டுக்கொட்டகைக்கு. நாங்கள் தின்று முடித்த பிறகுதான் ஆரிப் மூலம் தெரிந்தது.

"முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல மாமா?"

"சொன்னா வரமாட்டீங்கள்ல."

(இங்கே ஒரு வாக்கியம் எழுதி, அடித்துவிட்டேன்.)

5.
இன்று எடை போட்டோம். 194.

தூரத்தில் அர்பாப் கார் புழுதி. சாதிக் பாய் ஒரு பையோடு வந்தார்.

"கறுப்புக் கடல, ஆறு கிலோ. தின்னவங்க வைக்கிறோம். கொட்டு."

மாமா பையைப் பார்த்தார். "ஆஸ்திரேலியாச் சரக்கு பாய். இந்த மண்ணு வெளைச்சல் இல்ல."

"தின்ன வாய் மட்டும் இந்த மண்ணுல வெளஞ்சதாக்கும்?"

முடிவு அ: கொட்டுகிறோம். மாமாவுக்கு அடுத்த விதைப்பு உண்டு. என் அட்டவணை பொய்.

முடிவு ஆ: கொட்டவில்லை. அட்டவணை சுத்தம், மாமா ஆடுகளோடு. எங்கள் புரொஃபசருக்கு இதுதான் பிடிக்கும்.

மாமா கோணி வாயைக் கட்டவும் இல்லை, விரிக்கவும் இல்லை. வெறுமனே பிடித்துக்கொண்டு நிற்கிறார். கார் கேட்டுக்குள் வந்துவிட்டது. என் கையில் பேனா இருக்கிறது. இந்தப் பையை நீங்கள் கொஞ்சம் பிடியுங்கள்.

உங்களுக்கென்ன சம்பந்தமா? மூன்றாம் பகுதியில் எங்களோடு வரப்பில் நடந்தீர்களே.

விரலைக் காட்டுங்கள்.