எட்டு கிலோமீட்டர், வெறுங்கால்

எங்கள் ஊரில் நாற்பத்தைந்து வயதானவர்கள் தாலுகா ஆபீசுக்குப் போய்த் தங்கள் சின்ன வயசைத் திருத்திக்கொள்ளலாம். ஒரே ஒரு தடவைதான். முக்கால்வாசிப் பேர் கஷ்டம் கேட்டுத்தான் மனு போடுவார்கள். அதனால் இன்றைய தேதிக்கு, செருப்புப் போட்டுப் பள்ளிக்கூடம் போன பெரிய மனிதர் ஒருவர்கூட ஊரில் கிடையாது. அந்தக் காலத்தில் பஜாரில் மூன்று செருப்புக்கடைகள் யாரை நம்பி நடந்தனவோ, கடவுளுக்கே வெளிச்சம்.

நல்லசிவத்துக்கு அவசரம். சனிக்கிழமை, தான் படித்த பள்ளிக்கூடத்து ஆண்டுவிழாவில் அவர்தான் சிறப்பு விருந்தினர். அழைப்பிதழில் 'உழைப்பால் உயர்ந்தவர்' என்று அச்சடித்தாயிற்று. தாலுகா ஆபீஸ் பதிவேட்டைப் புரட்டினால், ஒன்றாம் வகுப்பிலிருந்து பத்தாம் வகுப்பு வரை அப்பாவின் சைக்கிள் கேரியரில் உட்கார்ந்து போயிருக்கிறார். அதுவும் ஒரே கிலோமீட்டர். இதை வைத்துக்கொண்டு எந்த மேடையில் என்ன பேச?

'எட்டு கிலோமீட்டர், வெறுங்காலோடு நடை' என்று மனு எழுதினார். சைக்கிள் மிதித்தவரின் கையெழுத்தும் வேண்டும் என்பதால் அப்பா ஆவுடையப்பனையும் கூட்டிப்போனார்.

குமாஸ்தா ஜெபராணி மனுவைப் படித்தார். "அப்பா முதுகுல கன்னத்த வச்சுத் தூங்கிட்டுப் போனதும் சேந்து போயிரும் சார். பரவால்லையா?"

"போனாப் போகுது மேடம். அதச் சொன்னா யாரு கை தட்டப் போறா?"

ஆவுடையப்பனுக்குச் சுருக்கென்றுதான் இருந்தது. ஆனாலும் கையெழுத்துப் போட்டார். ஜெபராணி பத்து வருஷக் காலைப்பொழுதுகளையும் அடுக்கிக் கயிறு போட்டுக் கட்டி, அவரிடமே திருப்பிக் கொடுத்தார்.

"இத வேற யாருக்காச்சும் கொடுக்கலாமாம்மா?"

"தாராளமா. கேரியர்ல போகாதவங்களா இருக்கணும், அவ்வளவுதான்."

"நீ எப்படிப் பள்ளிக்கூடம் போன?"

"நடந்துதான் அய்யா." ஊரிலேயே மனுப் போடாமல் நடந்தவர் அவர் ஒருவர்தான்.

ஆவுடையப்பன் கட்டிவைத்த காலைப்பொழுதுகளை அவர் பக்கம் தள்ளிவிட்டார்.

சனிக்கிழமை நல்லசிவம் எட்டு கிலோமீட்டரையும் ஒன்று விடாமல் பேசினார். தலைமையாசிரியர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கைதட்டல் அடங்கவே வெகுநேரம் ஆயிற்று. நல்லசிவத்துக்குச் சந்தோஷம்தான். வலது கன்னம் மட்டும் ஏனோ சில்லென்று இருந்தது.

வாசலில் ஆவுடையப்பன் சைக்கிளில் காலூன்றி நின்றார். கேரியரில் ஜெபராணி, அவர் முதுகில் கன்னத்தை வைத்து அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தார்.

"நானும் ஏறிக்கிடட்டுமாப்பா?" என்றார் நல்லசிவம்.

"நீ நடந்தே பழகின பிள்ளைலா. மெதுவா வந்து சேரு," என்று சொல்லிவிட்டு, ஜெபராணி விழித்துவிடாதபடி ஆவுடையப்பன் நிதானமாக மிதித்துப் போனார்.

நல்லசிவம் ஷூவைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டார். வீடு எட்டு கிலோமீட்டர் தள்ளி இருந்தது.