கெளுத்தி வறுவலும் நாலாவது விசாரணையும்

ஒரு தட்டு கெளுத்தி வறுவல் தன்னை ஐந்து வருடச் சிறையிலிருந்து காப்பாற்றியதாகவும், இனி அந்தப் பன்றி விஷயமாக அமெரிக்க ஜனாதிபதியே நேரில் வந்தாலும் தன் சட்டைப் பொத்தானைக்கூடத் தொட முடியாது என்றும் எல்மோர் டாக்கெட் முடிவெட்டும் கடையில் சொன்னார். கேட்டவர்கள் பாதி நம்பித் தலையாட்டினார்கள். போர்வை போர்த்தி, கன்னமெல்லாம் சோப்பு நுரையோடு நாற்காலியில் சாய்ந்திருந்த மெர்வின் மட்டும் மூக்கால் சிரித்தான். கவுண்டி என்கிற அந்த மாவட்டத்தின் வடகோடியிலிருந்து போன மாதம்தான் தீவனக்கடையை ஊருக்குள் மாற்றிக்கொண்டு வந்தவன்.

"மீனு தின்னா கேஸ் போயிடுமா? புளுகுறதுக்கும் ஒரு அளவு வேணாமா, அண்ணே?"

எல்மோர் கதையை முதலிலிருந்து ஆரம்பித்தார்.

கேலப் ரிட்லியின் பன்றி வேலியில் ஓட்டை கண்டு, தன் விருப்பப்படி எல்மோர் வீட்டுப் பட்டிக்கு வந்து படுத்துக்கொண்டது. எல்மோர் திருடிவிட்டார் என்று வழக்கு. முதல் விசாரணையில் தீர்ப்புச் சொல்ல உட்கார்ந்த பன்னிரண்டு ஜூரிகளில் பத்துப் பேர் திருடன் என்றார்கள், இரண்டு பேர் இல்லை என்றார்கள். பன்னிரண்டு பேரும் ஒரே குரலில் சொல்லாவிட்டால் விசாரணையே நடக்காத கணக்கு, திரும்பவும் தொடக்கத்திலிருந்து. இரண்டாவதும் அப்படியே. மூன்றாவதும் அப்படியே. அதற்குள் அந்தப் பன்றி செத்து, அதன் பேரப்பிள்ளைகள் ஆர்கன்சா மாநிலம் முழுக்க ஆளுக்கொரு துண்டு வரும்படி தட்டுகளுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டன. அதன் புகைப்படம் மட்டும் ஒவ்வொரு தடவையும் கூண்டுக்கு முன்னால் வந்து எல்மோரை முறைத்தது.

அதே கேள்வி, அதே பதில், மனைவி நெட்டி தேய்த்துக் கொடுத்த அதே ஒற்றைக் கோட்டு. உட்கார்ந்து உட்கார்ந்து கோர்ட் பெஞ்சில் தன் உருவத்துக்குப் பள்ளம் விழுந்துவிட்டது என்று எல்மோர் சத்தியம் செய்தார். களைப்பில் ஜூரிகளின் முகத்தைப் பார்ப்பதையே விட்டுவிட்டார். தலையைத் தொங்கப் போட்டபடி அவர்களுடைய காலணிகளைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார்.

நாலாவது விசாரணைக்கு முன்னால் அரசு வக்கீல் ஒரு காகிதம் நீட்டினார். குற்றத்தை ஒப்புக்கொண்டால் ஆறே மாதம். இல்லையென்றால் ஐந்து வருடம் சிறைப் பண்ணையில் பருத்தி எடுக்க வேண்டியிருக்கும். செய்யாத திருட்டைச் செய்தேன் என்று எழுதிக்கொடுக்க எல்மோருக்கு மனம் வரவில்லை. ஆனால் வீட்டில் நெட்டியும் ஓய்ந்துபோயிருந்தாள்.

"கையெழுத்தப் போட்டுட்டு வந்துரு, மனுசா. நானும் ஒரு நாளாவது தூங்கணும்."

காகிதத்தை மடித்துக் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டு அந்த வெள்ளிக்கிழமை கோர்ட்டுக்குப் போனார். சாப்பாட்டு இடைவேளை முடிந்ததும் கையெழுத்துப் போட்டுவிடுவது என்று முடிவு.

ஜூரிகளைத் தேர்ந்தெடுத்து முடித்தபோது மணி பன்னிரண்டு. சத்தியம் வாங்குவது எப்போதும் சாப்பாட்டுக்கு அப்புறம்தான். ஆனால் அந்தக் கவுண்டியில் ஒரு வழக்கம்: சத்தியம் எடுத்த ஜூரிக்குத்தான் சர்க்கார் சாப்பாடு. வெள்ளிக்கிழமை என்றால் எதிரிலுள்ள டோராவின் சாப்பாட்டுக் கடையில் கெளுத்தி வறுவல். அந்த வாசனை கோர்ட் ஜன்னலைப் பெயர்த்துக்கொண்டு உள்ளே வந்தது. ஒரு ஜூரி எழுந்து, சத்தியத்தை இப்போதே வாங்கிக்கொள்ளக் கூடாதா என்று கேட்டான். நீதிபதிக்கும் நாக்கில் நீர். ஒரே மூச்சில் பன்னிரண்டு பேரிடமும் சத்தியம் வாங்கிவிட்டு எல்லோருக்கும் முன்னால் அவரே படியிறங்கினார்.

திரும்பி வந்து பார்த்தால் சாட்சி சொல்ல வேண்டிய கேலப் ரிட்லியைக் காணோம். மூன்று தடவையும் தானாக வந்தவன்தானே என்று அரசு வக்கீல் இந்தத் தடவை சம்மனே அனுப்பவில்லை. அவன் மெம்ஃபிஸில் மாட்டு ஏலத்தில் நின்றுகொண்டிருந்தான். ஜூரியைக் கலைத்துவிடுங்கள், திங்கட்கிழமை வேறு ஜூரி வைத்துப் பார்த்துக்கொள்ளலாம் என்றார் அரசு வக்கீல். மூன்று விசாரணையும் தூங்கியே கழித்த எல்மோரின் வக்கீல் பிரூயிட் எழுந்து நின்று வேண்டாம் என்று ஆட்சேபித்தார். வயிறு நிறைந்திருந்த நீதிபதி காதில் போட்டுக்கொள்ளாமல் ஜூரியை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்.

இன்னுமொரு திங்கட்கிழமையா என்று எல்மோர் அலுத்துக்கொண்டார். காகிதத்தை எடுத்து விரித்தார். பேனாவின் மூடியையும் திறந்துவிட்டார். பிரூயிட் பேனாவைப் பிடுங்கிக்கொண்டார்.

"மூணு நாள் பொறுய்யா. மூணு வருசம் பொறுத்தல்ல?"

திங்கட்கிழமை பிரூயிட் பேசியது ஐந்தே நிமிடம். ஜூரி சத்தியம் எடுத்த நொடியில் இந்த மனிதனின் தலை பணயத்தில் வைக்கப்பட்டாகிவிட்டது. சத்தியத்துக்கு முன்னால் தள்ளிப்போட்டிருந்தால் வேறு கதை. முன்பு மூன்று தடவையும் ஜூரி ஒத்துப்போகவில்லை, மறுபடி நடத்தினீர்கள், சரி. இந்தத் தடவை ஜூரியும் தயார், இவரும் தயார். சாட்சியைக் கூப்பிட மறந்தது நீங்கள். ஒரே குற்றத்துக்கு ஒருவனை இரண்டாம் தடவை பணயம் வைக்காதே என்கிறது அரசியல் சட்டம். நீதிபதி தடித்த புத்தகங்களை ஒரு மணி நேரம் புரட்டினார். அப்புறம் அந்தக் கெளுத்தியே தொண்டையில் திரும்பிவந்த முகத்தோடு, வழக்கு இனி எந்நாளும் கிடையாது என்றார். எல்மோருக்குச் சிரிக்கக்கூடத் தெம்பில்லை. வீட்டுக்குப் போய், பூட்ஸைக் கழற்றாமல் பதினோரு நாள் தூங்கினார்.

"சத்தியத்தை இப்பவே வாங்குங்கன்னு கேட்டவன் மூஞ்சிய நான் பாக்கல" என்றார் எல்மோர். "பூட்ஸத்தான் பாத்தேன். இடது காலு, கட்டைவிரலுக்கு மேல பச்சைப் பெயின்ட் கொட்டியிருந்துச்சு."

முடிவெட்டுபவரின் கத்தி நின்றது. கடையே குனிந்து போர்வைக்குக் கீழே பார்த்தது. மெர்வின் இடது காலை நாற்காலிக்கு அடியில் மெல்ல இழுத்துக்கொண்டான்.

"நடந்ததுதான்" என்றான், நுரைக்குள்ளிருந்து. "அன்னிக்கி எங்க வீட்ல ஆறிப்போன சோளரொட்டி, அண்ணே."