சூடம் அணைக்கிற காட்சி

இராஜமாணிக்கம் கிருஷ்ணப்பாவுக்குத் தரவேண்டிய பாக்கி பதினோராயிரத்து நானூறு ரூபாய். பெங்களூர் ஈஜிபுராவில் பழைய வீட்டுக்காரன் திடீரென்று காலி பண்ணச் சொன்னபோது புது ரூமுக்கு அட்வான்ஸ் கட்ட வாங்கின பணம். பத்திரம் இல்லை, சாட்சி இல்லை. பொம்மசந்திராவில் தகடு அடிக்கிற கம்பெனியில் இரண்டு பேருக்கும் ஒரே ஷிப்டு. இவன் லோடு ஏற்றுகிறவன், அவன் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். கேன்டீனில் தட்டைக் கழுவிக்கொண்டே இவன் கேட்டான், கை ஈரம் காய்வதற்குள் அவன் சரியென்று சொல்லிவிட்டான். அது நடந்து ஒன்றரை வருஷம் ஓடிவிட்டது. கிருஷ்ணப்பா ஒரு தடவைகூட வாய்விட்டுக் கேட்டதில்லை. அதுதான் இராஜமாணிக்கத்துக்குத் தொந்தரவு. கேட்டிருந்தால் இரண்டு வார்த்தை சண்டை போட்டாவது மனசு ஆறியிருக்கும்.

இப்படி இருக்கும்போதுதான் நாடகம் வந்து சேர்ந்தது.

இரண்டு பேரும் குடியிருக்கிற தெருவின் சங்கத்து ஆண்டு விழாவுக்கு வழக்கமாகப் பாட்டுக் கச்சேரிதான் வைப்பார்கள். இந்த வருஷம் மாடி வீட்டுக் கவின், நாடகம் போடலாம் என்றான். ஈரோட்டுப் பையன், சாப்ட்வேர் கம்பெனியில் வேலை. அவன் எடுத்தது இங்கிலீஷ் நாடகம். நானூறு வருஷத்துக்கு முன்னால், முதலாவது எலிசபெத் ராணி காலத்தில் லண்டனில் ஆடினதாம். எழுதினவன் பேர்கூட யாருக்கும் தெரியாதாம். அதை நம்ம ஊர்க் கதையாகத் திருப்பி எழுதி வைத்திருந்தான். அவனோடு படித்த தாரணி என்கிற பெண்ணும் கூட வந்தாள். அந்தக் காலத்து நாடகங்களை எந்தெந்த ஊரில் எப்படி மாற்றி ஆடுகிறார்கள், எதை விடுகிறார்கள், எதைச் சேர்க்கிறார்கள் என்று பார்த்து ஆராய்ச்சி எழுதுகிறவள்.

"இதுக்குக் காசு குடுப்பாங்களாம்மா?" என்று கிருஷ்ணப்பா கேட்டான்.

"குடுப்பாங்கண்ணா. மூணு மாசமா வரல."

"அப்ப நீ நம்ம ஜாதிதான், உக்காரு."

கதை சின்னது. ஒரு மாவு மில்காரன். அவனுடைய சிநேகிதன் ஒரு பட்டாளத்தான். சண்டைக்குப் போகக் குதிரை வாங்கவேண்டுமென்று மில்காரனிடம் கடன் வாங்குகிறான். ஜெயித்துப் பெரிய மனுஷனாகத் திரும்பி வருகிறான். மில்காரன் போய்க் கேட்டால், சபையில் எல்லார் முன்னாலும் வாளின் பிடியைத் தொட்டு, இவனுக்கு நான் ஒரு காசு தரவேண்டியதில்லை என்று சத்தியம் பண்ணிவிடுகிறான். மில்காரன் புத்தி பேதலித்துத் தெருத்தெருவாக அழுகிறான். கடைசியில் இன்னொரு சண்டை. பட்டாளத்தான் வாளை உருவுகிறான், அது உறையை விட்டு வரமாட்டேன் என்கிறது. செத்துப்போகிறான். கவின் மாவு மில்லை ராகி மில்லாக்கி, பட்டாளத்தானைக் கண்டோன்மென்ட்டில் கொண்டுவந்து இறக்கியிருந்தான். கடன் தொகை முந்நூறு வெள்ளி ரூபாய்.

குரல் கனமாக இருக்கிறதென்று பட்டாளத்தான் வேஷம் இராஜமாணிக்கத்துக்குப் போயிற்று. ராகி மில்காரன், கிருஷ்ணப்பா. அவர்களுக்குள் இருக்கிற விவகாரம் கவினுக்குத் தெரியாது. தெரிந்த இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். கிருஷ்ணப்பா மீசைக்குள்ளேயே சிரித்தான்.

அப்போதே முடியாதென்று இராஜமாணிக்கம் சொல்லியிருக்கலாம். கவின் கையில் கொடுத்த காகிதக் கட்டு அவனை விடவில்லை. நாற்பது வயசு தாண்டித்தான் சங்கத்துக் கட்டடத்தில் உட்கார்ந்து அவன் எழுத்துக் கற்றுக்கொண்டான். அதுவரைக்கும் படித்ததெல்லாம் பேப்பர் தலைப்பும் கோயில் நோட்டீசும்தான். இந்த ஊர் பஸ் போர்டு கன்னடத்தில் ஓடும், அது வேறு பாடு. இப்போது தன் வாயால் சொல்லவேண்டியது பக்கம் பக்கமாக அச்சில் இருந்தது. கம்பெனி வேன் சில்க் போர்டு நெரிசலில் நிற்கும்போதெல்லாம் விரலை வைத்து ஒவ்வொரு வரியாகப் படித்தான். பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருந்தவன், "என்னண்ணா, பரீட்சையா?" என்றான். "ஆமாம், போர்டு எக்ஸாம்" என்று இவன் சொன்னான். முதுகு வலிக்கு அது நல்ல மருந்தாக இருந்தது.

ஞாயிற்றுக்கிழமைகளில் சாப்பாட்டுக்கு அப்புறம் ஒத்திகை. எல்லாம் ஓடியது, சத்தியம் பண்ணுகிற இடம் மட்டும் படுத்துக்கொண்டது. வெள்ளித்தாள் ஒட்டின அட்டை வாளைத் தொட்டு இராஜமாணிக்கம் முழங்கினான். பார்க்க வந்த பெண்கள் கொட்டாவி விட்டார்கள்.

தாரணி காரணத்தைச் சொன்னாள். "அந்த வாளோட பிடி சிலுவை மாதிரி இருக்கும்ணா. அதைத் தொட்டா அவங்களுக்கு சாமியைத் தொட்ட மாதிரி. அந்த இடத்துல லண்டன்ல ஜனம் மூச்சை நிறுத்தியிருக்கும். நமக்கு அது வெறும் இரும்பு."

"நம்மகிட்ட அட்டை," என்றான் கிருஷ்ணப்பா.

"அப்ப நம்ம ஆளுக மூச்சை நிறுத்தற மாதிரி என்னங்ணா இருக்குது?" என்று கவின் பொதுவாகக் கேட்டான்.

யாரும் யோசிப்பதற்கு முன்னால் இராஜமாணிக்கத்தின் வாய் முந்திக்கொண்டது. "சூடம். தட்டுல சூடம் ஏத்தி, சொல்ல வேண்டியதைச் சொல்லி, கையால அடிச்சு அணைக்கணும். அதுக்கு மேல சத்தியம் உண்டா?"

கவின் துள்ளிக் குதித்தான். தாரணி வேகவேகமாக எழுதிக்கொண்டாள். கொட்டாவி விட்ட பெண்களில் ஒருத்தி, "அம்மாடி, பொய்ச் சத்தியமா!" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டாள். கிருஷ்ணப்பா மட்டும் இராஜமாணிக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். அந்தப் பார்வையில்தான் இவனுக்கு உறைத்தது. சூடத்தை அணைக்கப்போகிறவன் இவன். பக்கத்தில் நிற்கப்போகிறவன் பதினோராயிரத்து நானூறுக்கு உரியவன். மேடை போடுகிற இடமோ மாரியம்மன் கோயிலுக்கு நேர் எதிரே.

அடுத்த ஒத்திகையில் நிஜச் சூடம் வந்தது. எரிந்தது. இராஜமாணிக்கம் கையைத் தூக்கினான், கை அந்தரத்திலேயே நின்றது. வியர்த்துக் கொட்டியது.

"சூப்பருங்ணா!" என்று கவின் கத்தினான். "அந்தத் தயக்கம் அப்படியே இருக்கட்டும். அணைக்கறதை விழா அன்னைக்கு வெச்சுக்கலாம், சூடம் எதுக்கு வீணா?"

எல்லாரும் போனபிறகு தாரணி சைக்கிள் ஸ்டாண்டு பக்கம் வந்தாள். "அண்ணா, பட்டாளத்தான் ஏன் தயங்கறான்னு நெனைக்கிறீங்க? நாடகத்துல அப்படி ஒரு வரி கிடையாது. அவன் கல்நெஞ்சக்காரன்னு பாதிப் பேர் எழுதியிருக்காங்க. ரத்தம் சிந்தியே கடனைக் கழிச்சுட்டதா அவன் நம்பறான்னு மீதிப் பேர்."

"பணத்தைத் திருப்பிக் குடுக்கணும்னு அவன் ஒரு நாளாவது நினைச்சிருப்பான்னு யாரும் எழுதலையாம்மா?"

"எழுதலைண்ணா."

"எழுது. நினைச்சிருப்பான்." கொஞ்ச நேரம் சைக்கிள் மணியைத் திருகிக்கொண்டிருந்தான். "ஏம்மா, மேடையில பண்ற சத்தியம் கணக்குல வருமா வராதா?"

அவள் சிரிக்கவில்லை. "அந்தச் சண்டை அங்கேயே நடந்ததுண்ணா. அந்த ராணிக்கு அப்புறம் வந்த ராஜா சட்டமே போட்டார். மேடையில விளையாட்டா கடவுள் பேரைச் சொன்னா பத்துப் பவுன் அபராதம். அப்ப அது பெரிய தொகை. ஆனா என்னைக் கேட்டீங்கன்னா, சத்தியம் பண்றது பட்டாளத்தான். நீங்க இல்ல."

"சரிதான். ஆனா அணைக்கிற கை என் கைதானேம்மா. லோடு தூக்குற கை. எனக்கு வேற சொத்து கிடையாது."

மறுநாள் கேன்டீனில் கிருஷ்ணப்பாவிடம் நேராகவே போனான். "யோவ், பழையபடி வாளே வெச்சுக்கலாம்னு நீ ஒரு வார்த்தை சொல்லேன். நீ சொன்னா கவின் கேப்பான்."

"பேடா குரு, வேணாம். அட்டை வாளைப் பார்த்து எனக்கு அழுகை வருமா? நேத்து சூடம் எரிஞ்சப்ப அப்படியே பொங்கிச்சு. ஹொசூர்ல இருந்து மாமனார், மச்சான் எல்லாம் வராங்க. கல்யாணம் ஆன நாள்ல இருந்து அவங்களுக்கு நான் ஃபோர்க்லிஃப்ட்காரன்தான். நான் அழுறதைப் பார்த்துட்டுப் போகட்டும்."

"அப்ப பணம்?"

"நான் கேட்டேனா?"

"கேக்க மாட்டேன்றதுதான்யா உன் கொழுப்பு."

அதற்கப்புறம் இராஜமாணிக்கம் கிடைத்த ஓவர்டைம் எல்லாம் செய்தான். டீ, பீடி இரண்டையும் குறைத்தான். மூலையில் கிடந்த தையல் மிஷினை விற்றான். அவன் பெண்சாதி சொந்த ஊருக்கே போய்விட்ட பிறகு அதை மிதிக்க ஆளில்லை. ஐயாயிரம் ஒரு தடவை, மூவாயிரம் ஒரு தடவை கொண்டுபோய்க் கொடுத்தான். கிருஷ்ணப்பா எண்ணிப் பார்த்துப் பையில் வைத்துக்கொண்டு, "நாடகம் நல்லாத்தான் வசூல் ஆகுது" என்றான். மீதி மூவாயிரத்து நானூறு. விழாவுக்கு முன்னாலேயே ஓவர்டைம் காசு வந்துவிடும் என்று நம்பியிருந்தான். கம்பெனியில் அடுத்த வாரம் என்று சொல்லிவிட்டார்கள். வேறு யாரிடமும் கைமாற்றுக் கேட்க அவனுக்கு மனசு வரவில்லை. ஒரு கடனை அடைக்க இன்னொரு கடனா?

விழா அன்றைக்குச் சாயங்காலம் தெரு அடைத்து ஜனம். மேடைக்கு எதிரே கோயில் கதவு திறந்தே இருந்தது. மஞ்சள் புடவையில் அம்மன் நேராகப் பார்த்துக்கொண்டிருந்தாள். இரண்டாவது வரிசையில் ஹொசூர் மாமனார் சால்வை போர்த்தி உட்கார்ந்திருந்தார். கோட்டும் தொப்பியும் மாட்டிக்கொண்டு இராஜமாணிக்கம் வந்து நின்றபோது விசில் பறந்தது. குதிரை வாங்கினான், சண்டைக்குப் போனான், ஜெயித்து வந்தான். ஒரு வரி பிசகவில்லை.

சபைக் காட்சி வந்தது. தட்டில் சூடம் ஏற்றினார்கள்.

கையைத் தூக்கினான். நின்றுவிட்டது. தெருவில் குழந்தை அழுகிற சத்தம்கூட இல்லை. ஓரமாகக் கவின் சந்தோஷத்தில் நகத்தைக் கடித்துக்கொண்டு நிற்பது தெரிந்தது. சூடம் பாதி கரைந்தது. இராஜமாணிக்கம் முடிவு பண்ணிவிட்டான். இது தானாக எரிந்து தீரட்டும். வேஷத்தைக் கழற்றிவிட்டு இறங்கிப் போய்விடுவது. நாடகம் நாறினால் நாறட்டும், காறித் துப்பினால் துடைத்துக்கொள்ளலாம்.

பக்கத்தில் நின்ற கிருஷ்ணப்பாவுக்கு அது தெரிந்துவிட்டது. தினம் பார்க்கிற முகம்தானே. அவன் சூடத்தைப் பார்த்தான், இரண்டாவது வரிசையைப் பார்த்தான். பட்டாளத்தானின் காலைப் பிடித்துக் கெஞ்சுகிற மாதிரி குனிந்தான். அப்படி ஒத்திகையில் கிடையாது.

"டேய் மாணிக்கா," பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னான், "அணைடா."

"மாட்டேன்யா. பாக்கி இருக்கு."

"என் அழுகைச் சீன் போயிடும்டா!"

"போகட்டும்."

சூடம் சுண்டைக்காய் அளவுக்கு வந்துவிட்டது. கிருஷ்ணப்பா ஒரு மூச்சு இழுத்தான். "விட்டேன். மூவாயிரத்து நானூறும் விட்டேன். மாரியம்மா மேல ஆணையா விட்டேன். இப்ப நீ எனக்கு ஒண்ணும் தர வேணாம். அணைச்சுத் தொலை."

இராஜமாணிக்கம் நிமிர்ந்தான். கோயிலைப் பார்த்துத் தெருக்கோடிவரை கேட்கிற குரலில் சொன்னான்: "இந்த ராகி மில்காரனுக்கு நான் ஒரு காசும் தரவேண்டியதில்லை! இது சத்தியம்!"

அடித்து அணைத்தான். உள்ளங்கை சுட்டது. பொய்யாகச் சொல்லவேண்டிய வரியை முழு உண்மையாகச் சொன்னதில் அவன் முகம் விளக்குப் போட்ட மாதிரி ஆகிவிட்டது. முன்வரிசைப் பெண்களுக்கு அது இன்னும் பயமாக இருந்தது. பாவி, எப்படிக் கூசாமல் நிற்கிறான் பார் என்றார்கள்.

கிருஷ்ணப்பா மேடை நடுவில் வந்து மண்டியிட்டான். எழுதியிருந்த வரி 'முந்நூறு ரூபாய் போச்சே'. அவன் மார்பில் அடித்துக்கொண்டு கதறினான்: "ஐயோ தாயே, மூவாயிரத்து நானூறு ரூபா போச்சே!"

பின்னாலிருந்து யாரோ, "முந்நூறுதானேய்யா! வட்டி சேத்துட்டியா?" என்று கத்தினான். தெருவே சிரித்தது. கிருஷ்ணப்பா கேட்டதாகவே காட்டிக்கொள்ளவில்லை, அழுதுகொண்டே தெருவில் இறங்கினான். தொகையை மாற்றவும் இல்லை. மூவாயிரத்து நானூறு, மூவாயிரத்து நானூறு என்று வரிசை வரிசையாகப் போய்ச் சொல்லி அழுதான். சிரிப்பு எப்போது நின்றது என்று யாருக்கும் தெரியாது. மாமனார் சால்வையால் மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

முடிந்ததும் தாரணி இரண்டு பேரையும் பிடித்தாள். "அது என்னண்ணா கணக்கு? குனிஞ்சு ஏதோ பேசிக்கிட்டீங்க, பார்த்தேன்."

இராஜமாணிக்கம் மறைக்காமல் சொன்னான். அவள் கேட்டுக்கொண்டே வந்து கடைசியில் படியில் உட்கார்ந்துவிட்டாள். "அப்ப இன்னைக்கு நடந்த நாடகத்துல பட்டாளத்தான் பொய்யே சொல்லலை. இதை எழுதட்டுமா?"

"எழுதும்மா," என்றான் கிருஷ்ணப்பா. "தொகையை மட்டும் எழுதாதே. என் வீட்டுக்காரிக்குத் தெரிஞ்சா நான் திரும்ப ஒரு தடவை அழணும்."

அடுத்த வாரம் ஓவர்டைம் காசு வந்தது. கேன்டீனில் தட்டுக் கழுவுகிற இடத்தில் இராஜமாணிக்கம் மூவாயிரத்து நானூறை நீட்டினான். "அன்னைக்கு அவசரத்துல சொல்லிட்ட. வாங்கிக்கய்யா, மனசுக்கு ஆகல."

கிருஷ்ணப்பா ஈரக் கையை நீட்டினான். பாதி வழியில் நிறுத்தினான். நோட்டையே கொஞ்ச நேரம் பார்த்தான். அவனுக்கும் அது தேவையில்லாத பணம் இல்லை.

"வாங்கினா என்ன ஆகும் தெரியுமா?" என்றான். "பாக்கி இருந்ததுன்னு ஆயிடும். அப்ப நீ அணைச்சது பொய்ச் சத்தியம். நான் அம்மா மேல ஆணையா விட்டதும் பொய். உன் கையும் போச்சு, என் கையும் போச்சு. லோடு யார் ஏத்துறது, வண்டி யார் ஓட்டுறது? எடுத்துட்டுப் போ குரு, கண்ணுல காட்டாத."

இராஜமாணிக்கம் பணத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்தான். இரண்டு பேரும் தட்டைக் கவிழ்த்துவிட்டு டீ வாங்க நடந்தார்கள்.

"டீக்கு நீ குடு," என்றான் கிருஷ்ணப்பா. "அது பழைய பாக்கியில சேராது."