இரண்டாம் எண் அட்டை

கூடத்தில் மூன்று பேர் இருந்தார்கள். படுத்துக்கொண்டு பளு தூக்குகிற பழைய இரும்பு பெஞ்சில் தாயம்மா. அந்த வீட்டுக்கு அதுதான் சோபா. முட்டிவலிக்காகக் காலை நீட்டி, சுவரில் சாய்ந்தபடி தரையில் கன்னியம்மா. வாசற்படியில், கையில் கத்தரிக்கோலோடு தாயம்மாவின் மகள் மாயா. நடுவில் ஒரே ஒரு போட்டோ.

தண்டையார்பேட்டையில் பெண்களுக்கென்று புதிதாகத் திறக்கும் ஜிம்மில், இந்தப் பக்கத்தில் முதன்முதலாக மேடையேறிய பெண் என்று தாயம்மாவின் படத்தை மாட்டப்போகிறார்கள். செல்போனில் அனுப்பியது மங்கல், அசல் படம் வேண்டும், பக்கத்தில் நிற்பவரை வெட்டிவிட்டு அனுப்புங்கள் என்று ஜிம்மை நடத்தும் சங்கத்தில் எழுதியிருந்தார்கள்.

பக்கத்தில் நிற்பவள் கன்னியம்மா.

"வெட்டுடி மாயா. இன்னா பாத்துகினு கீற? நான் நிக்கற லட்சணத்தப் பாரு, இடுப்புப் புடிச்சவ மாரி."

"இரு பெரிம்மா, அம்மா சொல்லட்டும்."

தாயம்மா படத்தையே பார்த்தாள். மனசால் முப்பத்தைந்து வருஷத்துக்கு முந்தைய ராயபுரம் மேடைக்குப் பின்னால் இருந்தாள் அவள். மேலே 'ஆணழகன் போட்டி' என்று துணி பேனர். ஆண்கள் வருமுன் விடியலிலேயே ஜிம்முக்குப் போய் இரண்டு வருஷம் பயிற்சி எடுத்தவள், பெண்கள் பிரிவுக்குப் பேர் கொடுத்திருந்த ஒரே ஒருத்தி. காசிமேட்டில் மீன்கூடை சுமக்கும் கன்னியம்மா, முதுகுக்கு எண்ணெய் தடவிவிடத் துணைக்கு வந்திருந்தாள்.

"எதிர்த்து நிக்க ஆளில்லாம போட்டி நடத்த முடியாதும்மா, கிளம்புங்க" என்றார் நடுவர். தாயம்மா அழக்கூட இல்லை. சேலையைத் தேடினாள்.

கன்னியம்மா எண்ணெய்க் கையைத் தன் புடவையிலேயே துடைத்துக்கொண்டாள். "இன்னொருத்திதான வோணும்? உன் மாத்து டிரஸ்ஸக் குடுமே."

இரண்டாம் எண் அட்டை யாரும் செய்து வைத்திருக்கவில்லை. சோடாப் பெட்டி அட்டையைக் கிழித்து, கண்மையால் எழுதி, இடுப்பில் ஊக்குக் குத்திக்கொண்டு மேடை ஏறினாள் கன்னியம்மா. தாயம்மா கையை மடக்கினால், ஓரக்கண்ணால் பார்த்துச் சற்றுப் பிந்தி அவளும் மடக்கினாள். கூட்டம் விசிலடித்துச் சிரித்தது. எல்லாக் கண்ணும் கன்னியம்மா மேல் போனதில்தான் தாயம்மாவுக்குப் பயம் விட்டது.

"கத்தரிக்கோலக் குடு" என்று மாயாவிடம் கேட்டாள் தாயம்மா.

கன்னியம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள். தாயம்மா பீரோ மேலிருந்த புடவை அட்டைப்பெட்டியை இறக்கி, மூடியைப் படத்தின் அளவுக்கு வெட்டினாள். தபாலில் படம் மடங்காமல் இருக்க.

"எழுது மாயா. மாட்டுனா ரெண்டு பேரையும் மாட்டணும், ரெண்டு பேரோட பேரும் போடணும். இல்லாங்காட்டி படத்தத் திருப்பி அனுப்பிடணும்."

"பைத்தியமாமே ஒனக்கு? மாட்டாமலே வுட்டுருவானுங்க. உன் பேரும் சேந்து பூடும்."

"பூட்டும் போ. நீ ஏறலன்னா அன்னிக்கே பூட்டிருக்கும்."

உறைக்குப் பசை தடவும்போது கன்னியம்மா, "ஒரு தபா காட்டு" என்று கை நீட்டினாள். வெகுநேரம் பார்த்தாள்.

"கை ஒண்ணும் மோசமில்ல."

"உன்னுதா, என்னுதா?"

"என்னுதுதான்!"

உறையை ஒட்டி எடுத்துக்கொண்டு தாயம்மா எழுந்தாள். முட்டிவலிக்காரியும் கூடவே எழுந்தாள். ராயபுரம் தபாலாபீசில் பதிவுத் தபால் கவுன்ட்டரில் உறையை நீட்டியது தாயம்மா. முத்திரை விழுந்ததும் கம்பி வழியாக எட்டிப் பார்த்துச் சொன்னது கன்னியம்மா:

"உள்ள போட்டோ கீது நைனா. மடக்கிப் போட்றாத."